உள்ளுக்குள் திட்டும் குரலை மாற்றுவது எப்படி?

கோட்டூர்புரம் அண்ணா நூற்றாண்டு நூலகத்தில் குரூப் 4 தேர்வுக்குப் படிக்கும் செல்வி என்ற பெண்ணை எடுத்துக்கொள்வோம். மாதிரித் தேர்வு எழுதிவிட்டு, விடைக்குறிப்பை வைத்துத் தானே திருத்துகிறாள். திறனறிவுப் பகுதியில் 25க்கு 11. அடுத்த நொடியே உள்ளே ஒரு குரல்: “மக்கு! மூணு மாசமா என்னத்தப் படிச்ச? உனக்கெல்லாம் எதுக்கு கவர்மென்ட் வேலை?” பக்கத்து நாற்காலிக்குக்கூட அது கேட்கவில்லை. ஆனால் அவள் உடம்புக்குக் கேட்டுவிட்டது. தோள் இறுகுகிறது, வயிற்றைப் பிசைகிறது, பேனா எடுத்த கை அப்படியே நிற்கிறது.

நாலு வார்த்தை திட்டிக்கொண்டால்தான் புத்தி வரும் என்று நம்மில் பெரும்பாலோர் நம்புகிறோம். ஆராய்ச்சிகள் காட்டுவது வேறு.

இந்தக் குரல் பிறவியிலேயே வந்ததல்ல. மூன்று, நான்கு வயதுக் குழந்தை விளையாடும்போது கவனித்தால் தெரியும். “இத இங்க வைக்கணும்... ஐயோ, விழுந்துடுச்சு!” என்று வாய்விட்டே தனக்குச் சொல்லிக்கொள்ளும். பெரியவர்கள் தன்னிடம் பேசுவதைத்தான் குழந்தை தனக்குத் தானே பேசிப் பார்க்கிறது, பள்ளி வயதில் அந்தப் பேச்சு மெல்ல மௌனமாகி உள்ளே போய்விடுகிறது என்று விளக்கினார் ரஷ்ய உளவியலாளர் லெவ் வைகாட்ஸ்கி. வீட்டிலும் வகுப்பிலும் டியூஷனிலும் கேட்ட தொனியும் சேர்ந்தே உள்ளே போகிறது. கேட்டுப் பழகிய ஒன்று என்பதால்தான் அதை மாற்றிப் பழகவும் முடியும்.

திட்டு விழுந்ததும் உடம்பில் என்ன நடக்கிறது? அபாயத்தை மோப்பம் பிடிக்கும் மூளைப் பகுதி அமிக்டலா. எதிரே நின்று ஒருவர் மிரட்டினாலும், நாமே நம்மை மிரட்டிக்கொண்டாலும் அதே தற்காப்பு ஏற்பாடுதான் விழித்துக்கொள்கிறது என்கிறார் பரிவு சார்ந்த சிகிச்சை முறையை உருவாக்கிய பிரிட்டிஷ் உளவியலாளர் பால் கில்பர்ட். அட்ரினலின் என்ற அவசரகால ஹார்மோன் உடனே ஏறும். கார்டிசால் என்ற மன அழுத்த ஹார்மோன் சற்றுப் பின்னால் ஏறி, உச்சத்தைத் தொட 20 நிமிடத்துக்கு மேல் ஆகும். அந்த நேரத்தில் நெற்றிக்குப் பின்னால் இருக்கும் முன்மூளையின் வேலை மந்தமாகும். நாலைந்து எண்களை ஒரே சமயத்தில் நினைவில் நிறுத்திக் கணக்குப் போடுவது அந்தப் பகுதிதான். ஆக, எந்தக் கணக்கு ஏன் தப்பானது என்று கண்டுபிடிக்க எந்தத் திறன் வேண்டுமோ, திட்டு அதைத்தான் முதலில் முடக்குகிறது. வெளியாள் திட்டினால் எழுந்து போய்விடலாம். உள்ளே இருப்பவர் பேருந்திலும் கூடவே வருவார்.

அப்படியானால் தன்னைப் புகழ்ந்துகொள்ள வேண்டுமா? அதுவும் உதவாது. கனடாவின் வாட்டர்லூ பல்கலைக்கழகத்தில் ஜோன் வுட் குழுவினர் 2009இல் வெளியிட்ட ஆய்வில், தன்மதிப்புக் குறைந்தவர்கள் ‘நான் அன்புக்குரியவர்’ என்று திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டபோது அவர்கள் மனநிலை இன்னும் மோசமானது. நம்ப முடியாததை மனம் மறுத்து வாதாடத் தொடங்கிவிடும்.

வேலை செய்வது மூன்றாவது வழி: தன்பரிவு, அதாவது சறுக்கும்போது தன்னிடம் கனிவாக இருப்பது. 2012இல் ஜூலியானா பிரைன்ஸும் செரீனா சென்னும் அமெரிக்காவின் பெர்க்லி பல்கலைக்கழக மாணவர்களுக்கு ஒரு கடினமான சொல்வளத் தேர்வு வைத்தார்கள். ஒரு பிரிவினரிடம், இது பலருக்கும் கஷ்டமானதுதான், உங்களை நீங்களே கடிந்துகொள்ள வேண்டாம் என்றார்கள். இன்னொரு பிரிவினரிடம், பெர்க்லியில் இடம் கிடைத்தவர் என்றால் நீங்கள் புத்திசாலிதான் என்றார்கள். அடுத்த தேர்வுக்கு அதிக நேரம் உட்கார்ந்து படித்தவர்கள் முதல் பிரிவினர். கனிவு காட்டினால் சோம்பேறி ஆகிவிடுவோம் என்று அஞ்சுபவர்கள் இந்த முடிவை நிதானமாக யோசித்துப் பார்க்க வேண்டும்.

தன்பரிவை அளவிடக் கேள்வித்தாள் தயாரித்த அமெரிக்க உளவியலாளர் கிறிஸ்டின் நெஃப், 2003இல் தன்பரிவை மூன்று கூறுகளாகப் பிரித்தார்: வலியை மறைக்காமலும் பெரிதாக்காமலும் பார்ப்பது, இது எனக்கு மட்டும் நடப்பதல்ல என்று உணர்வது, தன்னிடம் கனிவாக இருப்பது. செல்வியின் மேசைக்குத் திரும்பிப் போய், இதைச் செயலில் பார்ப்போம்.

முதலில், குரல் சொன்னதை அதே வார்த்தைகளில் நோட்டின் ஓரத்தில் எழுத வேண்டும். நாகரிகப்படுத்தக் கூடாது, ‘மக்கு’ என்றால் ‘மக்கு’தான். அதன் கீழே உணர்ச்சியின் பெயர். ‘டென்ஷன்’, ‘மனசு சரியில்ல’ போதாது. வெட்கமா, பயமா, ஏமாற்றமா? படத்தில் இருக்கும் முகம் காட்டும் உணர்ச்சிக்குப் பெயர் வைத்தாலே, பார்ப்பவரின் அமிக்டலாவில் பரபரப்பு குறைவதை மூளை ஆய்வாளர் மேத்யூ லீபர்மேன் குழு 2007இல் மூளை ஸ்கேனில் காட்டியது.

அடுத்து உடம்பு. இதைத் தாண்டிக் குதித்து வார்த்தைக்குப் போனால் வார்த்தை ஒட்டாது. நான்கு நொடி மூச்சை இழுத்து ஆறு நொடி விட வேண்டும். இப்படி ஆறு முறை, மொத்தம் ஒரு நிமிடம். மூச்சை வெளியே விடும்போது மூளையிலிருந்து இதயத்துக்கு வரும் வேகஸ் நரம்பு இதயத் துடிப்பைத் தணிக்கும்; அதனால்தான் விடும் மூச்சு நீளமாக இருக்க வேண்டும். ஒரு கையை நெஞ்சிலும் மற்றதை வயிற்றிலும் வைத்துக்கொள்ளலாம். 2021இல் ஜெர்மனியில் நடந்த ஆய்வில், மன அழுத்தச் சோதனைக்கு முன் 20 நொடி இப்படிக் கை வைத்திருந்தவர்களுக்குக் கார்டிசால் குறைவாகவே ஏறியது. நூலகத்தில் கூச்சமாக இருந்தால், மேசைக்குக் கீழே ஒரு கையால் மறு கையைப் பிடித்துக்கொண்டு மூச்சை மட்டும் கவனித்தால் போதும்.

இனி வாக்கியம். ‘நான்’ என்று தொடங்காமல் சொந்தப் பெயரைச் சொல்லி அழைக்க வேண்டும். தன்னைப் பெயர் சொல்லி அழைத்துப் பேசிக்கொள்பவர்கள் பதற்றமான சூழலில் சமாளித்துப் பேசுவதை உளவியலாளர் ஈதன் கிராஸ் குழு 2014இல் பதிவு செய்தது. அகப்பாடல்களில் தலைவன் தன் நெஞ்சை எதிரே நிறுத்திப் பேசுவான்; குறளில் தலைவி தன் நெஞ்சோடு பேசும் நெஞ்சொடு கிளத்தல் என்று ஓர் அதிகாரமே உண்டு. ஓரடி தள்ளி நின்று தன்னைப் பார்க்கும் அந்த வழக்கம் நமக்குப் புதிதல்ல.

செல்வி சொல்லிக்கொள்ளக்கூடியது இப்படி இருக்கலாம்: “செல்வி, 14 தப்பாப் போனது கஷ்டமாத்தான் இருக்கு. நிறைய பேரு தடுமாற்ற பகுதிதான் இது. எது எது தப்புன்னு பிரிச்சுப் பாரு. இன்னிக்கு கூட்டு வட்டியில மட்டும் அஞ்சு கணக்கு போடு.” வலி, பொதுமை, அடுத்த வேலை என்று எல்லாம் இதில் இருக்கிறது. மார்க்கைப் பற்றிப் பொய் இல்லை. வாக்கியம் வரவில்லையென்றால், இதே 11 மார்க்கோடு தங்கை அழுதுகொண்டு வந்தால் என்ன சொல்வாள் என்று எழுதி, பெயரை மட்டும் மாற்றிக்கொள்ளலாம்.

பெரும்பாலும் சொதப்புவது கடைசி வரியில்தான். ‘பரவால்ல விடு’ என்று அங்கேயே நிறுத்திவிட்டால் அது கனிவல்ல, தப்பித்தல். அடுத்த வேலை பத்து நிமிடத்துக்குள் தொடங்கக்கூடியதாக இருக்க வேண்டும். ‘நாளையிலிருந்து தினம் எட்டு மணி நேரம்’ என்பது திட்டின் இன்னொரு வடிவம். பெரிய அடி விழுந்த நாளில்தான் முதன்முதலாக முயல்வது மற்றொரு பிழை. பஸ்ஸைத் தவறவிட்டது, பாலைப் பொங்கவிட்டது போன்ற சின்ன விஷயங்களில் முதலில் பழகிக்கொள்ள வேண்டும். நெஃப்பும் கிறிஸ்டோபர் ஜெர்மரும் வடிவமைத்த பயிற்சியே எட்டு வாரம்.

சிலருக்குக் கனிவாகப் பேசிய உடனே அழுகை முட்டும், பழைய காயங்கள் கிளம்பும். மரத்துப்போன காலில் ரத்தம் ஓடத் தொடங்கும்போது குத்துவதுபோல இது எதிர்பார்க்கக்கூடியதே. அன்றைக்கு வாக்கியத்தை விட்டுவிட்டு, உள்ளங்கால் தரையில் படுவதை மட்டும் கவனித்துவிட்டு எழுந்துவிடலாம். ஒவ்வொரு முறையும் தாங்க முடியாமல் போனால் தனியாகத் தொடராமல் ஆலோசகரோடு செய்வது நல்லது.

தூக்கமும் பசியும் இரண்டு வாரத்துக்கு மேல் கெட்டிருந்தாலோ, உள்ளே இருக்கும் குரல் ‘நீ இருந்தே பிரயோஜனமில்ல’ என்று சொல்லத் தொடங்கினாலோ, இந்தப் பயிற்சி மட்டும் போதாது. அரசின் மனநல உதவித் தொலைபேசிச் சேவையான டெலி மானஸின் எண் 14416, கட்டணமில்லாமல் நாள் முழுவதும் இயங்குகிறது, தமிழிலேயே பேசலாம். சென்னையில் நேரில் போக நினைப்பவர்களுக்குக் கீழ்ப்பாக்கம் அரசு மனநலக் காப்பகத்தில் புறநோயாளிகள் பிரிவு இருக்கிறது.