பேரேட்டில் உள்ள பாக்கியைக் கோர்ட்டில் நிரூபிப்பது எப்படி?

சரக்கு போய்ச் சேர்ந்துவிட்டது, பணம் வரவில்லை. கேட்டால் "அந்த பில்லே எனக்கு வரலையே" என்கிறார் வாங்கியவர். இப்படி ஒரு தகராறு வந்தால் பெரும்பாலான வியாபாரிகள் நம்பி எடுத்து வைப்பது தங்கள் பேரேட்டைத்தான். ஆனால் அது மட்டும் போதாது என்று சட்டமே சொல்கிறது.

2024 ஜூலை 1 முதல் அமலில் இருக்கும் பாரதிய சாக்ஷிய அதிநியம் என்ற புதிய சாட்சியச் சட்டத்தின் 28-ஆம் பிரிவு இதைப் பற்றியது. பழைய சாட்சியச் சட்டத்தில் இது 34-ஆம் பிரிவாக இருந்தது. வியாபாரத்தில் ஒழுங்காக எழுதிவரும் கணக்குப் புத்தகத்தைச் சாட்சியமாகக் காட்டலாம், கம்ப்யூட்டர் கணக்கும் அதில் சேரும். ஆனால் அந்தப் பதிவை மட்டும் வைத்து ஒருவர் மீது கடனைச் சுமத்த முடியாது. சட்டம் தரும் உதாரணமும் கடன் வழக்குதான்: ஒருவர் 1,000 ரூபாய் கேட்டு வழக்குப் போட்டுத் தன் கணக்கைக் காட்டுகிறார், வேறு சாட்சியம் இல்லாவிட்டால் கடன் நிரூபணம் ஆகாது. தன் புத்தகத்தில் தனக்குச் சாதகமாக யாரும் எழுதிக்கொள்ளலாம் என்பதால் இந்த விதி நியாயமானதுதான். உதிரித் தாளில் குறித்து வைத்தவர் நிலை இன்னும் மோசம். அரசியல்வாதிகளுக்குப் பணம் கொடுத்ததாகச் சொல்லப்பட்ட ஜெயின் ஹவாலா வழக்கில் 1998-இல் உச்ச நீதிமன்றம், உதிரித் தாள்களைக் கணக்குப் புத்தகமாகவே ஏற்க மறுத்தது.

அப்படியானால் பேரேட்டுக்குப் பக்கபலமாக என்ன வேண்டும்? எதிர்த்தரப்பின் கை பட்ட காகிதம். சரக்கை இறக்கியதும் அவருடைய ஆள் கையெழுத்துப் போட்டு, கடை சீல் வைத்துத் தந்த டெலிவரி சலான் முதலில் வரும். அப்புறம் ஆர்டர் கடிதம், லாரி ரசீது, சரக்கை எடுத்துச் செல்ல ஜிஎஸ்டி தளத்தில் போடும் இ-வே பில், அவர் முன்பு கொடுத்த செக். ஜிஎஸ்டியில் ஒரு வித்தியாசத்தைக் கவனியுங்கள். உங்கள் ரிட்டர்னில் அந்த பில் இருப்பது நீங்கள் சொன்னது. அதே பில்லுக்கு அவர் உள்ளீட்டு வரி வரவு எடுத்திருந்தால், அதாவது அதிலுள்ள வரியைத் தான் கட்டவேண்டிய வரியில் கழித்திருந்தால், அது அவர் சொன்னது. இரண்டாவதற்குத்தான் கனம் அதிகம். அதை வெளிக்கொண்டுவர, அவருடைய கொள்முதல் கணக்கைத் தாக்கல் செய்யச் சொல்லுமாறு கோர்ட்டைக் கேட்கலாம். கையில் உள்ள ஆவணத்தைக் காட்ட அவர் மறுத்தால், காட்டினால் அது அவருக்கே பாதகமாக இருக்கும் என்று நீதிபதி அனுமானிக்கச் சட்டத்தில் இடமுண்டு.

வாட்ஸ்அப்பில் "அடுத்த வாரம் போடுறேன்" என்று வந்த செய்தியும் உதவும். ஆனால் அதன் பிரின்ட்டையோ டேலி என்ற கணக்கு மென்பொருளில் எடுத்த பிரின்ட்டையோ வெறுமனே நீட்டினால் ஏற்க மாட்டார்கள். அதே புதிய சாட்சியச் சட்டத்தின் 63-ஆம் பிரிவின்படி சான்றிதழ் இணைக்க வேண்டும். இப்போது அதில் இரண்டு பகுதிகள். ஒன்றில் அந்தக் கருவியைப் பொறுப்பில் வைத்திருப்பவர் கையெழுத்திடுவார், மற்றதில் நிபுணர். அதனால் வழக்கு முடியும்வரை அந்த போனை மாற்றினாலும் தூக்கிப் போடாதீர்கள்.

நல்ல வழக்குகள் பல தோற்பது, வழக்குப் போடுவதற்கான காலவரம்பில். மூன்று வருடம் என்று எல்லோருக்கும் தெரியும். எந்த நாளிலிருந்து என்பதில்தான் தப்புக் கணக்கு. கடைசியாகச் சரக்கு போன தேதியிலிருந்து மொத்தப் பாக்கிக்கும் மூன்று வருடம் என்று நினைத்திருப்பவர்கள் ஏராளம். தவணை பேசாமல் கடனுக்குக் கொடுத்த சரக்கென்றால், ஒவ்வொரு பில்லுக்கும் அந்தந்த டெலிவரி நாளிலிருந்தே காலம் ஓடும். தவணை பேசியிருந்தால் அது முடிந்த நாளிலிருந்து. கணக்கு வருடக் கடைசியிலிருந்து எண்ணும் சலுகை, இருவரும் ஒருவருக்கொருவர் கொடுக்கவும் கேட்கவும் பாக்கி இருக்கும் பரஸ்பரக் கணக்குக்கு மட்டும். ஒருவர் விற்க, மற்றவர் வாங்கிப் பணம் கட்டிக்கொண்டே வருவது அதில் சேராது.

இதற்கு மருந்து பாக்கி உறுதிக் கடிதம். மூன்று வருடம் முடிவதற்குள் "இந்தத் தேதியில் இவ்வளவு பாக்கி" என்று அவர் கையெழுத்திட்டுத் தந்தால், காலவரம்புச் சட்டத்தின் 18-ஆம் பிரிவுப்படி அன்றிலிருந்து புதிதாக மூன்று வருடம். பாக்கியை ஒப்புக்கொண்டு, "ஆனால் தர மாட்டேன்" என்று எழுதியிருந்தாலும் அது ஒப்புதல்தான். வாங்கியவர் கம்பெனி என்றால் அதன் இருப்புநிலைக் குறிப்பில் (பேலன்ஸ் ஷீட்) உங்கள் பாக்கி காட்டப்பட்டிருக்கிறதா பாருங்கள். அதுவும் ஒப்புதலாகலாம் என்று 2021-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஒவ்வொரு மார்ச் முடிவிலும் இந்தக் கடிதத்தை வாங்கிவிடுங்கள். உறவு நன்றாக இருக்கும்போது கேட்டால் யாரும் மறுப்பதில்லை, தகராறு வந்தபின் யாரும் தருவதில்லை.

தொகை 3 லட்சம் ரூபாயோ அதற்கு மேலோ என்றால் வழக்கு வணிக நீதிமன்றத்துக்குப் போகும். அவசர இடைக்கால உத்தரவு எதுவும் தேவையில்லை என்றால், முதலில் சட்டப்பணிகள் ஆணைக்குழு வழியாகச் சமரசத்துக்கு விண்ணப்பிக்க வேண்டும். இது கட்டாயம், செய்யாமல் போட்ட வழக்கு தள்ளுபடியாகும். சமரசத்தில் கழியும் நாட்கள் காலவரம்பில் சேராது. அங்கே ஒப்பந்தம் எட்டிக் கையெழுத்தானால், நடுவர் (ஆர்பிட்ரேஷன்) தீர்ப்புக்குரிய மதிப்பு அதற்கு உண்டு. எட்டவில்லையென்றால் வழக்கு. சம்மன் கிடைத்து 120 நாளுக்குள் பிரதிவாதி பதில் தாக்கல் செய்யாவிட்டால் அந்த உரிமை போய்விடும். அந்தப் பதிலிலும் "பாக்கி இல்லை" என்று மொத்தமாக மறுத்தால் போதாது. எந்த பில்லை, ஏன் மறுக்கிறார் என்று அவர் சொல்லியாக வேண்டும். அதனால் வழக்கு மனுவில் பில் எண், தேதி, தொகை, சலான் எண் என்று ஒவ்வொன்றையும் தனித்தனியாக எழுதச் சொல்லி உங்கள் வக்கீலிடம் கேளுங்கள்.