பாட்டால் நோய் தீர்க்கும் தீவும் நமது காதுகளும்

ஒலியால் நோய் தீரும் என்பது நமக்குப் புதிய எண்ணமன்று. சூலை நோயால் துடித்த திருநாவுக்கரசர் பதிகம் பாடி நலம் பெற்ற வரலாற்றைக் கேட்டு வளர்ந்த ஊர் இது. அண்மையில், செவிப்புலன் பரிசோதனைக்காகத் தந்தையுடன் வந்த உயர்தர வகுப்பு மாணவி ஒருத்தி, தான் எழுதிவரும் கற்பனைக் கதையின் சில பக்கங்களை எனக்கு வாசிக்கத் தந்தாள். அவள் படைத்த தீவில் மருந்தும் இல்லை, சத்திரசிகிச்சையும் இல்லை. உடலின் ஒவ்வோர் உறுப்புக்கும் ஒரு சுரம் உண்டு. அந்தச் சுரத்தைப் பிசகாமல் பாடத் தெரிந்த வைத்தியர் நோயாளியின் தலைமாட்டிலிருந்து பாடினால் சிறுநீரகக் கல் தூளாகும், முறிந்த எலும்பு பொருந்தும், பேச்சிழந்தவர் பேசுவார். அழகான கற்பனை. அதே வேளையில், இத்தகைய கதைகளில் வருவதை உண்மையென்று விற்கும் ஒலிப்பதிவுகள் இன்று எல்லோருடைய கைப்பேசியிலும் கிடைப்பதால், ஒலி எதைச் செய்யும், எதைச் செய்யாது என்பதை என்னைப் போலச் செவிப்புலன் துறையில் இருப்பவர்கள் விளக்கவேண்டியிருக்கிறது.

கல் தூளாவது நடைமுறையில் உள்ளதுதான். 1980 இல் ஜேர்மனியின் மியூனிக் நகரில், உடலைக் கீறாமல் வெளியிலிருந்து செலுத்திய அதிர்வலைகளால் ஒரு நோயாளியின் சிறுநீரகக் கல் முதன்முதலாக நொறுக்கப்பட்டது. அந்த அலைகள் கல்லின் மீது குவிக்கப்படுவதால்தான் சுற்றியுள்ள தசை பெரும்பாலும் தப்புகிறது. பாட்டை அவ்வாறு குவிக்க முடியாது. உடற்தசையினூடாக ஒலி செக்கனுக்கு ஏறத்தாழ 1540 மீற்றர் வேகத்தில் செல்கிறது. 'குணமாக்கும் மீடிறன்' (மீடிறன் என்பது ஒலி ஒரு செக்கனில் எத்தனை தடவை அதிர்கிறது என்பது) என்று பரப்பப்படும் 528 ஹேர்ட்ஸ் ஒலியின் அலைநீளம் அங்கே ஏறத்தாழ மூன்று மீற்றர். ஓர் ஆளின் உயரத்தை விஞ்சிய அலையை ஈரலிலோ சிறுநீரகத்திலோ மட்டும் படச் செய்வதற்கு எந்தப் பாடகராலும் இயலாது. ஸ்கான் எடுக்கும்போது பயன்படும், காதுக்குக் கேட்காத கழியொலியின் மீடிறன் பல மில்லியன் ஹேர்ட்ஸ் என்பதாலேயே அதன் அலை மில்லிமீற்றர் அளவுக்குச் சுருங்கி, உறுப்புகளைப் பிரித்துக் காட்டுகிறது. எலும்பு முறிவைப் பொறுத்தவரை, கழியொலி கொடுத்தால் விரைவில் பொருந்தும் என்ற நம்பிக்கை மருத்துவ உலகிலேயே சில காலம் இருந்தது. 2016 இல் வெளியான பெரிய ஆய்வொன்று அதனால் பயன் இல்லை என்று காட்டியது.

மாணவியின் மூன்றாவது கற்பனைதான் உண்மைக்கு மிக அருகில் நிற்கிறது. பாரிசவாதத்தால் மூளையின் இடப்பக்கம் பாதிக்கப்பட்ட பெரியவர் ஒருவரை அவருடைய மகள் அழைத்து வந்திருந்தார். தண்ணீர் வேண்டுமென்றால் செம்பைக் காட்டுவார். வாய் திறந்தால் 'அ... அ...' என்பதற்கு மேல் வராது. நாள்தோறும் தேவாரம் பாடியவர் என்று மகள் சொன்னதால், அவர் நன்கறிந்த பதிகமொன்றின் முதல் சொல்லை நான் மெல்ல எடுத்துக் கொடுத்தேன். அவர் தொடர்ந்து பாடினார். நான்கு அடிகளும் சொற்கள் சிதையாமல் வந்தன. மகள் அழுதுவிட்டார். பாடும்போது மூளையின் வலப்பக்கமும் பெரிதும் துணைநிற்பதால் இது நிகழ்கிறது. இதை அடிப்படையாகக் கொண்ட பயிற்சி முறை 1973 இல் அமெரிக்காவில் விவரிக்கப்பட்டது: 'தண்ணி வேணும்' போன்ற சிறு தொடரை உயர்ந்தும் தாழ்ந்தும் வரும் இரண்டே சுரங்களில் இழுத்துச் சொல்லி, ஒவ்வோர் அசைக்கும் நோயாளியின் இடக்கையைத் தட்டி, பல வாரங்கள் பழக்கி, பின்னர் ராகத்தைச் சிறிது சிறிதாகக் குறைக்கவேண்டும். எல்லோருக்கும் இது பலிப்பதில்லை. பலித்தவர்களுக்கும் பதிகம் வந்த வேகத்தில் பேச்சு வருவதில்லை. ஆயினும் அந்தப் பெரியவர் செம்பைக் காட்டாமல் தண்ணீர் கேட்கும் நிலைக்கு வந்தார்.

கதையில் ஒரு குறை கண்டேன்: நாள் முழுவதும் உரத்துப் பாடும் அந்த வைத்தியரின் காதுக்கு எதுவும் ஆகவில்லை. நமது உட்காதின் நத்தைச்சுருளில் ஒலியை உணரும் மயிர்க்கலங்கள் ஏறத்தாழ 15,000 மட்டுமே உள்ளன. அவை அழிந்தால் மீண்டும் முளைப்பதில்லை. பறவைகளுக்கு முளைக்கின்றன என்பது 1980களின் பிற்பகுதியில் கண்டறியப்பட்டது. ஆகவே தீவின் வைத்தியருக்குப் பறவையின் காதைக் கொடுத்துவிடு, அல்லது அவர் நாளடைவில் செவிடாவதாக எழுது என்று அவளுக்குச் சொன்னேன். இது நம்மூரில் கற்பனையன்று. 85 டெசிபெல் ஒலியை ஒரு நாளில் எட்டு மணித்தியாலம் வரை தாங்கலாம் என்றும், ஒவ்வொரு மூன்று டெசிபெல் கூடும்போதும் அந்நேரம் பாதியாகிறது என்றும் கணக்கிடப்படுகிறது. 100 டெசிபெல்லில் பதினைந்து நிமிடம்தான். யாழ்ப்பாணத்தின் இணுவிலும் அளவெட்டியும் வளர்த்த தவில் மரபை உயிராகக் காக்கும் கலைஞர்கள், திருவிழாக் காலத்தில் ஒலிபெருக்கிக்கு அருகே இரவிரவாக வாசிக்கிறார்கள். தாளம் தெளிவாகக் கேட்க விடும் காதடைப்பான்கள் இசைக்கலைஞர்களுக்கென்றே செய்யப்படுகின்றன. பிள்ளைகள் தவில் பழகத் தொடங்கும் வயதிலேயே அவற்றையும் பழக்கவேண்டும் என்பது என் உறுதியான கருத்து.

இன்னொன்றையும் அவளிடம் கேட்டுக்கொண்டேன்: அந்த வைத்தியர் பாடுவதற்கு முன் கேட்கட்டும். மருத்துவத்தில் ஒலி ஆற்றிய பெரும்பணி நோயைக் கண்டறிவதிலேயே இருக்கிறது. 1761 இல் வியன்னாவில் அவுன்புறுக்கர் என்னும் மருத்துவர், நெஞ்சில் விரலால் தட்டி எழும் ஓசையைக் கொண்டு உள்ளே நீர் கோத்திருப்பதை அறியலாம் என்று எழுதினார். என் மேசை லாச்சியில் இருக்கும் 512 ஹேர்ட்ஸ் இசைக்கவையும் (தட்டினால் ஒரே சுரத்தில் ஒலிக்கும் உலோகக் கவை) எதையும் குணமாக்குவதில்லை. எந்தக் காதில், எந்த இடத்தில் பழுது என்பதை ஒரு நிமிடத்தில் ஓரளவு சொல்லிவிடும்.

கைப்பேசியில் ஓடும் ஒலிப்பதிவுக்கு இந்தக் கேட்கும் வேலை தெரியாது. காதிரைச்சலால் நித்திரை கெட்டவர்கள் மழையோசையையோ அலையோசையையோ மெதுவாக ஓடவிட்டுப் படுத்தால் இரைச்சல் எடுபடாமல் போகும். அதை நானே பரிந்துரைக்கிறேன். ஆனால் காலையில் எழும்பும்போது ஒரு காது திடீரென்று அடைத்து, கூடவே இரைச்சலும் தொடங்கியவர்கள் வாரக்கணக்கில் அத்தகைய பதிவுகளைக் கேட்டுவிட்டு வருவதைக் காணும்போது மனம் பதறுகிறது. செவிநரம்பு சார்ந்த திடீர்ச் செவிட்டுக்கு ஸ்டீரோயிட் சிகிச்சை முதற்சில நாட்களில், பிந்தினாலும் இரண்டு வாரங்களுக்குள், தொடங்கப்பட வேண்டும்.

அவ்வாறு காது அடைத்தால் வாயை மூடிக்கொண்டு 'ம்ம்ம்' என்று முரலிப் பாருங்கள். அடைத்த காதில் ஓசை பலமாகக் கேட்டால் பெரும்பாலும் காதுக்குறும்பியோ சளியோ காரணமாக இருக்கலாம். வசதியான நாளில் காட்டலாம். நல்ல காதுப் பக்கம் பலமாகக் கேட்டால் நரம்பு பாதிக்கப்பட்டிருக்கக்கூடும். அன்றே வைத்தியசாலைக்குப் போய், எந்த நாளில் எத்தனை மணியளவில் கேட்காமல் போனது என்பதைச் சொல்லி, காது மூக்கு தொண்டை நிபுணரிடம் அனுப்பும்படி கேளுங்கள். எந்தப் பக்கம் என்று தெளிவாகத் தெரியாவிட்டாலும் அன்றே போங்கள்.