கவுன்சிலர் – மாமன்ற உறுப்பினர்

கவுன்சிலர் என்றால், மாநகராட்சிக்கோ நகராட்சிக்கோ ஒரு வார்டு மக்கள் வாக்களித்து அனுப்பிய உறுப்பினர். மதுரை மாநகராட்சியில் 100 வார்டுகள், ஆகவே 100 கவுன்சிலர்கள். குழாயில் தண்ணீர் வரவில்லை, பாதாளச் சாக்கடை பொங்குகிறது, தெருவிளக்கு எரியவில்லை என்றால் ஜனங்கள் முதலில் தட்டுவது இவர் வீட்டுக் கதவைத்தான். வட்டச் செயலாளர், கவுன்சிலர், மண்டலத் தலைவர், அப்புறம் எம்.எல்.ஏ. என்று படிப்படியாக ஏறியவர்கள் எல்லாக் கட்சியிலும் இருக்கிறார்கள்.

சொல் ஆங்கிலத்திலிருந்து வந்தது. அதன் வேர் லத்தீன் மொழியின் 'கொன்கிலியும்'. ஆட்களைக் கூப்பிட்டுக் கூட்டிய சபை என்று பொருள். இதே ஓசையில் 'கொன்சிலியும்' என்று இன்னொரு லத்தீன் சொல் உண்டு. அதற்கு ஆலோசனை என்று பொருள். ஆங்கிலத்தில் இந்த இரண்டு வழியில் வந்த சொற்களும் ஒன்றுபோல ஒலித்தாலும் எழுத்து வேறு. தமிழில் எழுதும்போது அந்த வேறுபாடும் போய்விட்டது. சபையில் உட்காருகிறவரும் கவுன்சிலர், மனம் சோர்ந்து வந்தவருக்கு ஆலோசனை சொல்கிறவரும் கவுன்சிலர். பொறியியல் சேர்க்கைக்கான 'கவுன்சிலிங்' இந்தக் குழப்பத்திலிருந்து தப்பிவிட்டது. 'கலந்தாய்வு' என்ற நல்ல சொல்லைப் பத்திரிகைகள் விடாமல் எழுதி எழுதி, இன்று பிளஸ் டூ பிள்ளைகள் வாயிலேயே அது வருகிறது. வார்டுக் கவுன்சிலருக்கும் தமிழ்ச்சொல் தயாராக இருக்கிறது, நாம்தான் எடுத்துப் பழகவில்லை.

அந்தச் சொல் 'மாமன்ற உறுப்பினர்'. இதில் உயிர் 'மன்றம்' என்ற பகுதியில் இருக்கிறது. சங்கப் பாடல்களில் மன்றம் என்பது ஊர் நடுவே, பெரும்பாலும் மரத்தடியில், ஜனங்கள் கூடும் பொது இடம். வழக்குப் பேசித் தீர்த்துக்கொண்டதும் அங்கேதான். 'மன்றாடு' என்ற சொல்லுக்கு வழக்காடுதல் என்ற பொருளையும் அகராதி தருகிறது. கெஞ்சுவது என்ற பொருள் மட்டும்தான் இன்று நம் பேச்சில் மிஞ்சியிருக்கிறது. தன் வார்டுக்குக் குடிநீர் லாரி ஏன் வரவில்லை என்று எழுந்து நின்று கேட்கும் உறுப்பினர், பழைய பொருளில் மன்றாடத்தான் செய்கிறார்.

வார்டுக்கும் பழைய சொல் உண்டு. பத்தாம் நூற்றாண்டு உத்திரமேரூர்க் கல்வெட்டு, ஊரை 30 'குடும்பு'களாகப் பிரித்து, குடும்புக்கு ஒருவரைக் குடவோலை முறையில் எடுத்ததைச் சொல்கிறது. அழகான சொல்தான், ஆனால் இன்று எழுதினால் குடும்பம் என்றே படிப்பார்கள். 'வட்டம்' என்று எழுதினால் மதுரை வடக்கு வட்டம் போன்ற தாலுகாவோடு குழம்பும். கட்சிக்காரர்களுக்கு மட்டும் வட்டச் செயலாளர் என்றால் சட்டென்று புரியும். வார்டை வார்டாகவே விட்டுவிடலாம் என்பது என் கருத்து.

'மாமன்றம்' மாநகராட்சிக்கு மட்டும் உரியது. மதுரை 1866இல் நகராட்சி ஆனது, 1971 மே 1 அன்று மாநகராட்சியாக உயர்ந்தது. முதல் மேயர் முத்து. ஆக, 1971க்கு முன்பு இந்த ஊர்க் கவுன்சிலர்களை நகர்மன்ற உறுப்பினர் என்றுதான் சொல்ல வேண்டும். மேலூர், திருமங்கலம், உசிலம்பட்டி நகராட்சிகளில் இன்றைக்கும் அதுவே சரி. சோழவந்தானிலும் வாடிப்பட்டியிலும் பேரூராட்சி மன்ற உறுப்பினர். மேயருக்கு 'மாநகரத் தந்தை' என்று ஒரு சொல்லை முன்பு எழுதிவந்தார்கள். தேன்மொழி கோபிநாதன் போன்ற பெண்கள் அந்த நாற்காலியில் அமர்ந்த பிறகு அது பொருந்தவில்லை. மேயர் என்றே நின்றுவிட்டது, நல்லதுதான்.

தொடக்கத்தில் சொன்ன, கவுன்சிலர் எம்.எல்.ஏ. ஆகும் அந்த ஏற்றத்துக்கு இப்போது வருவோம். 'கவுன்சிலர் எம்.எல்.ஏ. ஆனார்' என்று சொல்லும்போது இரண்டு பதவிக்கும் என்ன உறவு என்றே தெரிவதில்லை. மாமன்ற உறுப்பினர் சட்டமன்ற உறுப்பினர் ஆனார் என்று சொல்லும்போது தெரிகிறது: இரண்டுமே மன்றம், வேலைதான் வேறு. மாமன்றம் தீர்மானம் போடும், சட்டமன்றம் சட்டம் இயற்றும். அந்த மாமன்றத்துக்கு என்ன அதிகாரம் என்பதை எழுதுவதும் சட்டமன்றம் போட்ட சட்டம்தான். முன்னதற்குப் போட்டியிட 21 வயது போதும், பின்னதற்கு 25 ஆக வேண்டும். வி.வி. ராஜன் செல்லப்பா 2011இல் மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுத்த மேயர். 2016இல் மதுரை வடக்கிலும் 2021இல் திருப்பரங்குன்றத்திலும் வென்று சட்டமன்றத்துக்குப் போனார்.

ஒரு காலத்தில் இந்த இரண்டு மன்றத்துக்கும் நடுவே தனிப் பாலமே இருந்தது. சட்டமன்ற மேலவையில் மூன்றில் ஒரு பங்கு இடங்களுக்கு, உள்ளாட்சி உறுப்பினர்களே வாக்களித்து ஆளை அனுப்பினார்கள். 1986இல் மேலவை கலைக்கப்பட்டதோடு அது போயிற்று. தெருப் பிரச்சினை தெரிந்தவர்களின் குரல் கோட்டைக்குப் போக ஒரு நேர்வழி அடைபட்டதில் எனக்கு வருத்தம் உண்டு.

எம்.எல்.ஏ. ஆன பிறகும் ஜனங்கள் அவரிடம் கேட்பது குழாயும் சாக்கடையும்தான். பேருந்து நிறுத்த நிழற்குடைகளின் நெற்றியைப் பாருங்கள், 'சட்டமன்ற உறுப்பினர் தொகுதி மேம்பாட்டு நிதி' என்று பெயிண்டில் எழுதியிருக்கும். சட்டம் இயற்றப் போனவர் பெயர் நிழற்குடையில் நிற்பதால்தான் இரண்டு வேலையும் ஒன்று என்று தோன்றிவிடுகிறது.

பேச்சில் கவுன்சிலர் இருந்துவிட்டுப் போகட்டும். மனு எழுதும்போது 'பெறுநர்' என்பதற்குக் கீழே 'மாமன்ற உறுப்பினர் அவர்கள்' என்று போட்டு, வார்டு எண்ணையும் 'மதுரை மாநகராட்சி' என்பதையும் எழுதுங்கள். பெண் உறுப்பினருக்கும் அதே சொல்தான், மாற்ற வேண்டியதில்லை.