கார் நிறுத்துமிடத்துக்குக் கீழே ஒரு தொட்டி

கோலாலம்பூரில் அடுக்குமாடியில் குடியிருக்கும் உறவினர் வீட்டுக்குப் போனால் நான் தவறாமல் கேட்பது ஒன்றுண்டு. "உங்க கட்டடத்துல மழைநீர்த் தொட்டி எங்கே இருக்கு?" எல்லாரும் மேலே கையைக் காட்டுவார்கள். அது குடிநீர்த் தொட்டி. நான் கேட்பது மழைத்தண்ணீரைக் கொஞ்ச நேரம் பிடித்து வைத்து மெல்ல வெளியே விடும் தொட்டி. அது பெரும்பாலும் கார் நிறுத்துமிடத்துக்கு அடியில், கனத்த இரும்பு மூடிகளுக்குக் கீழே இருக்கும். சில கட்டடங்களில் ஒரு வகுப்பறையைவிடப் பெரிதாகவே இருக்கும். தினமும் அதன்மேல்தான் வண்டியை நிறுத்துகிறார்கள். அப்படி ஒன்று இருப்பதே தெரியாது.

வடிகால் பொறியாளராக இருபது வருடங்களுக்கு மேல் இந்தத் தொட்டிகளை வரைந்து கொடுத்திருக்கிறேன். கட்டி முடித்த பிறகு அவை என்ன ஆகின்றன என்று தேடிப் போய்ப் பார்க்க ஆரம்பித்தது ஓர் அம்மாவைச் சந்தித்த பிறகுதான்.

கோலாலம்பூரில் செந்தூல் பக்கம் ஒரு பழைய தாமான், அதாவது தரை வீடுகள் வரிசையாக இருக்கும் குடியிருப்பு. மழை பெய்தால் வீட்டுக்குள் தண்ணீர் வருகிறது, வந்து பாருங்கள் என்று குடியிருப்பாளர்கள் கூப்பிட்டிருந்தார்கள். கடைசி வீட்டு அம்மா 1970-களில் ரப்பர் தோட்டத்திலிருந்து நகரத்துக்கு வந்தவர். குளிர்பெட்டிக்கு அடியில் அடுக்கியிருந்த செங்கற்களைக் காட்டினார். முதலில் ஒரு வரிசை வைத்தாராம், இப்போது மூன்று. "முன்னெல்லாம் மழை பெய்ஞ்சு அரை மணி நேரம் கழிச்சுதான் தம்பி இந்த லோங்காங்குல (கால்வாயில்) தண்ணி ஏறும். சாமானை எடுத்து மேல வைக்க நேரம் இருக்கும். இப்போ மழைச் சத்தம் கேக்கறப்பவே தண்ணி வாசல்ல வந்து நிக்குது."

நாங்கள் பக்கம் பக்கமாகக் கணக்குப் போட்டுச் சொல்வதை அவர் சமையலறையில் நின்றபடியே சொல்லிவிட்டார். மழைத்தண்ணீர் அவர் வாசலுக்கு வந்து சேர எடுத்துக்கொள்ளும் நேரம் சுருங்கிவிட்டது. வேகமாக வளரும் ஊர்களில் திடீர் வெள்ளத்துக்கு வேர் அங்கேதான் இருக்கிறது.

கணக்கு எளிது. ஒரு சதுர மீட்டரில் 1 மி.மீ. மழை பெய்தால் 1 லிட்டர். ஓர் ஏக்கர் என்பது சுமார் 4,047 சதுர மீட்டர். நம்மூர் மாலை நேர இடிமழை ஒரு மணி நேரத்தில் 60 மி.மீ. கொட்டினால், அந்த ஓர் ஏக்கரில் மட்டும் ஏறத்தாழ 243,000 லிட்டர் விழுகிறது. அங்கே மரமும் புல்லும் இருந்த காலத்தில் பெரும்பகுதியை மண் குடித்துக்கொள்ளும், மீதி மெல்ல இறங்கி வரும். கூரையும் தாரும் சிமெண்டும் போட்டுவிட்டால் கிட்டத்தட்ட பத்தில் ஒன்பது பங்கு சில நிமிடங்களில் கால்வாய்க்கு வந்துவிடும். கால்வாயோ அதே பழைய கால்வாய்.

கோம்பாக் ஆறும் கிள்ளான் ஆறும் கூடும் இடத்தில் பிறந்த ஊர் கோலாலம்பூர். 'சேறான கூடுதுறை' என்பதுதான் பெயருக்கே பொருள். 1926-லும் 1971 ஜனவரியிலும் இந்த ஊர் பெருவெள்ளத்தில் மூழ்கியிருக்கிறது. ஆற்றை ஆழப்படுத்து, அகலப்படுத்து, தண்ணீரைச் சீக்கிரம் கீழே தள்ளு என்பதுதான் பல காலம் எங்கள் துறையின் வழக்கம். ஆனால் மேலே இருப்பவன் சீக்கிரம் தள்ளினால் கீழே இருப்பவன் வீட்டில்தான் அது போய் நிற்கும். அதனால் 2001-லிருந்து வடிகால் நீர்ப்பாசன இலாகாவின் 'மஸ்மா' என்ற மழைநீர் மேலாண்மைக் கையேடு நடைமுறைக்கு வந்தது. அதன் சாரம் இதுதான்: உன் மனையில் விழும் மழையை முடிந்தவரை உன் மனையிலேயே பிடித்து வை, கட்டடம் வருவதற்கு முன் எந்த வேகத்தில் தண்ணீர் வெளியேறியதோ அந்த வேகத்துக்கு மேல் வெளியே விடாதே. கார் நிறுத்துமிடத்துக்குக் கீழே தொட்டி வந்த கதை இதுதான்.

தொட்டியின் உயிர் அதன் அடியில் இருக்கும் ஒரு சின்னத் துளையில் இருக்கிறது. கூரைத் தண்ணீரெல்லாம் வேகமாக உள்ளே வரும். அந்தத் துளை வழியாகக் கொஞ்சம் கொஞ்சமாக வெளியே போகும். மழை விட்ட பிறகும் ஓடி, சில மணி நேரத்தில் தொட்டி காலியாகிவிட வேண்டும். துளைக்கு முன்னால் குப்பையைத் தடுக்க ஒரு கம்பி வலை இருக்கும்.

அந்த அம்மாவின் தாமானுக்கு மேட்டுப்பக்கத்தில் நான்கு அடுக்குமாடிகள் இருக்கின்றன. இரண்டு நிர்வாகங்கள் உள்ளே விட்டன. முதல் கட்டடத்தில் பராமரிப்புப் பணியாளர் அண்ணன் ஒருவர் மூடியைத் திறந்தார். நான்கு நாளாக மழையே இல்லை, ஆனால் தொட்டியில் இடுப்பளவு தண்ணீர். டார்ச் அடித்துப் பார்த்தால் கம்பி வலை முழுக்க இலை, பிளாஸ்டிக் பை, ஒற்றைச் செருப்பு, யாரோ வீடு புதுப்பித்தபோது கழுவி ஊற்றிய சிமெண்டு இறுகி ஒட்டிய கட்டிகள். மேலே கொசுப் புழு நெளிகிறது. அடுத்த மழைக்கு இந்தத் தொட்டியில் பாதி இடம்கூட இல்லை. "பதினோரு வருஷமா இங்க வேலை பார்க்கிறேன் சார், இதைத் திறக்கச் சொல்லி யாரும் கேட்டதில்லை" என்றார்.

இரண்டாவது கட்டடத்தில் தொட்டி சுத்தமாக, காய்ந்து கிடந்தது. எனக்குச் சந்தோஷம். அப்புறம்தான் துளையைப் பார்த்தேன். துளையுள்ள இரும்புத் தகட்டையே கழற்றி எடுத்துவிட்டார்கள். ஒரு பெரிய குழாய் முழுசாக வாயைத் திறந்துகொண்டிருந்தது. வரும் தண்ணீர் நிற்காமல் அப்படியே வெளியே பாய்ந்துவிடும். தண்ணீர் தேங்கி ஏடிஸ் கொசு வளர்ந்ததால் சுகாதாரத் துறையிடம் அபராதம் வாங்கியிருக்கிறார்கள். தண்ணீர் தேங்கக் கூடாது என்ற நல்ல எண்ணத்தில் தடையை எடுத்துவிட்டார்கள். வலையைச் சுத்தம் செய்திருந்தால் போதும், தண்ணீர் தானாக வடிந்திருக்கும், கொசுவும் வந்திருக்காது.

இரண்டில் எது மோசம் என்று என்னைக் கேட்டால், இரண்டாவதைத்தான் சொல்வேன். அடைத்துக்கொண்ட தொட்டி வழிந்தால் அந்தக் கட்டடத்துக் கார்களும் நனையும், ஒரு நாள் யாராவது கேள்வி கேட்பார்கள். தகடு இல்லாத தொட்டியால் அங்கே குடியிருப்பவர்களுக்கு ஒரு குறையும் இல்லை. நனைவது அரை கிலோமீட்டர் கீழே இருக்கும் குளிர்பெட்டி. அந்த வீட்டுக்காரருக்கும் இந்தக் கட்டடத்துக்காரர்களுக்கும் ஒருவரையொருவர் தெரியவே தெரியாது.

"வெள்ளத்தைத் திருப்பிவிட நம்மகிட்டதான் ஸ்மார்ட் சுரங்கம் இருக்கே?" என்று சிலர் கேட்பார்கள். 2007-ல் திறந்த அந்தச் சுரங்கம் 9.7 கி.மீ. நீளம். அதில் 3 கி.மீ. மட்டும் சாதாரண நாளில் சாலையாகவும் இருக்கிறது. பெருமழை வந்தால் வண்டிகளை வெளியேற்றிவிட்டு அதையும் தண்ணீருக்குத் திறந்துவிடுவார்கள். அம்பாங் பக்கம் கிள்ளான் ஆற்று நீரைப் பிடித்து, நகர மையத்தைத் தொடாமல் தாமான் டேசா குளத்துக்குக் கொண்டுபோகிறது. மிக நல்ல வேலை, நான் மதிக்கும் வேலை. ஆனால் அது ஆற்றுக்கானது. செந்தூலில் பின்சந்து லோங்காங் நிரம்புவதை அது தடுக்காது. அதேபோல, 2021 டிசம்பரில் ஷா ஆலம் ஸ்ரீ மூடாவை மூழ்கடித்த மாதிரி மழைக்கு நம் தொட்டிகளும் ஈடுகொடுக்காது. அவை வருடத்தில் பலமுறை வரும் மாலை மழைக்கானவை.

சரி, யார் பொறுப்பு? 2013-ஆம் ஆண்டின் அடுக்குமாடி நிர்வாகச் சட்டப்படி தொட்டி பொதுச்சொத்து. மின்தூக்கி, படிக்கட்டு மாதிரி அதுவும் குடியிருப்பு உரிமையாளர்களின் நிர்வாகக் குழு கவனிக்க வேண்டியது. நீங்கள் மாதாமாதம் கட்டும் பராமரிப்புக் கட்டணத்தில் அதற்கும் இடம் உண்டு. ஆண்டுக் கூட்டத்தில் கணக்கறிக்கையைப் புரட்டிப் பாருங்கள்: பாதுகாவலர், மின்தூக்கி, நீச்சல்குளம், சாயம் எல்லாம் இருக்கும். தொட்டி தூர்வாரிய செலவு இருக்கிறதா என்று கேளுங்கள். வடிகால் வரைபடம் அலுவலகத்தில் இருக்கிறதா, துளையின் அளவு வரைபடத்தில் உள்ளபடியே இருக்கிறதா என்றும் கேளுங்கள். தமிழ்நாட்டில் 2003-ல் எல்லாக் கட்டடத்துக்கும் மழைநீர் சேகரிப்பைக் கட்டாயமாக்கியபோது வீட்டுக்கு வீடு அதைப் பற்றிப் பேச்சு இருந்தது. அங்கே நோக்கம் நிலத்தடி நீர், நமக்கு வெள்ளம். இங்கே அந்தப் பேச்சே எழவில்லை என்பதுதான் என் வருத்தம்.

ஒன்றை மட்டும் கெஞ்சிக் கேட்கிறேன். சுத்தம் செய்யச் சொல்லிப் பாதுகாவலரையோ தோட்டக்காரரையோ உள்ளே இறக்கிவிடாதீர்கள். மூடிக் கிடந்த தொட்டியில் நச்சு வாயு இருக்கும், மூச்சுக் காற்று குறைந்திருக்கும். முதலில் இறங்கியவர் மயங்கி விழ, தூக்கப் போனவரும் விழுந்து இறந்த கதைகள் பல நாடுகளில் உண்டு. காற்றை அளக்கும் கருவியோடு, பயிற்சி பெற்ற ஆட்களை வைத்துத்தான் செய்ய வேண்டும்.

தரை வீட்டில் இருப்பவர்களுக்கும் பங்கு உண்டு. முற்றம் முழுக்க ஓடு பதிப்பது, பின்கட்டை நீட்டிக் கால்வாய்க்கு மேல் சமையலறை போடுவது. அந்த அம்மாவின் வரிசையிலேயே ஐந்து வீட்டில் அப்படி இருக்கிறது. அதையும் அவர்களிடம் சொன்னேன், முகம் கொஞ்சம் சுருங்கியது.

முதல் கட்டடத்தில் தூர்வாரிவிட்டார்கள். இரண்டாவதில் தகட்டைத் திரும்பப் பொருத்தி, மாதம் ஒருமுறை வலையைச் சுத்தம் செய்ய ஆள் வைத்திருக்கிறார்கள். போன மாதம் அந்த அம்மாவைப் பார்க்கப் போனேன். தண்ணீர் வாசல் வரை வருகிறது, ஆனால் இப்போது கொஞ்சம் நேரம் கொடுத்து வருகிறது என்றார். செங்கற்களை அவர் எடுக்கவில்லை. நானும் எடுக்கச் சொல்லவில்லை. மேட்டில் இன்னும் இரண்டு கட்டடங்களின் மூடியை யாரும் திறக்கவில்லை.