சார்ஜ்: ஊட்டமா, ஏற்றமா?

"முதல் முறை பயன்படுத்தும் முன் சாதனத்தை முழுமையாகக் கட்டணம் வசூலிக்கவும்." புதிதாக வாங்கிய ஒரு பவர் பேங்க் பெட்டிக்குள் எட்டாக மடித்து வைத்திருந்த தாளில் இருந்த வாசகம் இது. இரண்டு வரி தள்ளி, "கட்டணம் வசூலிக்கும்போது சாதனம் லேசாகச் சூடாவது இயல்பு" என்றும் இருந்தது. காசு கேட்டால் யாருக்கும் சூடாகத்தான் செய்யும்.

இது ஆங்கிலச் 'சார்ஜ்' என்பதைக் கட்டணம் என்று எடுத்துக்கொண்டு இயந்திரம் செய்த மொழிபெயர்ப்பு. சிரித்துவிட்டுத் தாளைத் தூக்கிப் போட்டுவிடலாம். ஆனால் சார்ஜ் என்ற சொல்லுக்கு மனிதர்களே யோசித்து வைத்த ஒரு தமிழ்ச் சொல் இருக்கிறது: மின்னூட்டம். பாடநூலில் அதுதான், கலைக்களஞ்சியத்தில் அதுதான், இப்போது மின்வாகனங்கள் பெருகிய பிறகு 'மின்னூட்ட நிலையம்' என்று பலகைக்கும் வந்துவிட்டது. எனக்கு அந்தச் சொல்லோடுதான் வழக்கு. அதற்கு முன் சார்ஜின் பூர்வீகத்தைச் சுருக்கமாகப் பார்த்துவிடலாம்.

லத்தீனில் 'கார்ருஸ்' என்றால் சுமை இழுக்கும் வண்டி. ரோமர்கள் அந்தச் சொல்லை, இன்றைய பிரான்ஸ் பக்கம் இருந்த கால் (Gaul) நாட்டுக் கெல்டியர்களிடமிருந்து எடுத்தார்கள். அதிலிருந்து பிற்கால லத்தீனில் 'கார்ரிகாரே', அதாவது வண்டியில் பாரம் ஏற்றுவது. அது பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்குப் போய் சார்ஜ் ஆனது. கார், கேரி, கார்கோ எல்லாம் பங்காளிகள். கேரிகேச்சர் என்கிற கேலிச்சித்திரமும் அந்த வீட்டுப் பிள்ளைதான். முகத்தில் மூக்கையோ காதையோ அளவுக்கு மீறி 'ஏற்றி' வரைவதால் இத்தாலியர்கள் அப்படிப் பெயர் வைத்தார்கள்.

வண்டியில் ஏற்றினால் பாரம். அதை மனிதன் தலையில் ஏற்றினால் பொறுப்பு. ஒருவன்மேல் பழியை ஏற்றினால் குற்றச்சாட்டு. பொருளின்மேல் விலையை ஏற்றினால் கட்டணம். துப்பாக்கிக்குள் மருந்தைக் கெட்டித்தால் அதுவும் சார்ஜ். குதிரைப்படை எதிரிமேல் பாய்வதும் சார்ஜ். ஆங்கிலத்தில் கிளைகள் எத்தனை பிரிந்தாலும் அடிமரத்தில் பாரம் ஏற்றும் வேலை அப்படியே தெரிகிறது.

இவற்றில் பெரும்பாலானவற்றைத் தமிழ் சிரமமில்லாமல் சமாளித்துவிட்டது என்பதையும் சொல்ல வேண்டும். புது அதிகாரி 'சார்ஜ் எடுத்துக்கொண்டார்' என்பதைச் செய்தித்தாள் 'பொறுப்பேற்றார்' என்று எழுதுகிறது. சார்ஜ் ஷீட் குற்றப்பத்திரிகை ஆகிவிட்டது. அரசு அலுவலகத்தில் ஒழுங்கு நடவடிக்கை விதியின்படி வரும் '17(பி) சார்ஜ்' என்றால் வயிற்றைக் கலக்கும். கோப்பில் அது குற்றச்சாட்டுக் குறிப்பாணை. லத்தி சார்ஜைத் 'தடியடி' ஆக்கியவர் யாரோ, அவருக்கு ஒரு கும்பிடு. நான்கே எழுத்து, அடியின் சத்தம்கூடக் கேட்கிறது. இந்த இடங்களில் யாரும் சார்ஜுக்குத் தமிழில் 'ஒரு சொல்' தேடவில்லை. நடந்த காரியம் என்ன என்று பார்த்துப் பெயர் வைத்தார்கள், அதனால் நின்றது.

மின்சாரத்துக்கு வந்ததும்தான் வழி தவறியது.

ஊட்டு என்பது உண் என்ற வினையின் பிறவினை. தாய் குழந்தைக்குச் சோறு ஊட்டுகிறாள். அதிலிருந்து ஊட்டம், ஊட்டச்சத்து. போனுக்குச் சோறு ஊட்டுவது கற்பனைக்கு நன்றாகத்தான் இருக்கிறது. மின்னூட்டம் கட்சிக்காரர்கள் இதைவிட வலுவான வாதம் ஒன்றும் வைத்திருக்கிறார்கள்: ஊட்டு என்பது சாப்பாட்டுக்கு மட்டுமில்லை, ஒன்றுக்குள் இன்னொன்றைச் செலுத்துவதற்கும் வரும், சாயம் ஊட்டுகிறோம், மணமூட்டுகிறோம், பாதத்துக்குச் செம்பஞ்சு ஊட்டியதைப் பழைய இலக்கியம் பேசுகிறது, அப்படியிருக்க மின்னை ஊட்டினால் என்ன என்பார்கள். நியாயமான கேள்வி. ஆனால் அந்த உதாரணங்களையே கொஞ்சம் உற்றுப் பாருங்கள். ஊட்டிய சாயம் துணியோடு கலந்துவிடுகிறது. ஊட்டிய சோறு உடம்பாகிவிடுகிறது. ஊட்டியதை ஊட்டியபடியே திரும்ப எடுக்க முடியாது. பேட்டரிக்கு வேலையே ஏற்றுவதும் இறக்குவதும்தான். காலையில் ஏற்றியது ராத்திரிக்குள் இறங்கிவிட வேண்டும், மறுபடி ஏற வேண்டும்.

இதைப் பாடநூல் எழுதியவர்களும் உள்ளூர உணர்ந்திருக்கிறார்கள். டிஸ்சார்ஜுக்கு அவர்கள் வைத்த பெயர் என்ன? மின்னிறக்கம். மின்னிறக்கக் குழாய் என்று நாமே படித்திருக்கிறோம். இறக்கம் என்று ஒன்று இருந்தால் அதற்கு முன்னால் ஏற்றம் நடந்திருக்க வேண்டும். ஊட்டியதை எப்படி இறக்குவது? ஒரே பாடத்தில் போகும்போது ஊட்டம், வரும்போது இறக்கம். ஜோடியாக நிற்க வேண்டிய இரண்டு சொற்கள் ஆளுக்கொரு திசையில் பார்த்துக்கொண்டு நிற்கின்றன.

தெருவில் போகிறவர்களைக் கேளுங்கள். "சார்ஜ் ஏறவே மாட்டேங்குது." "அதுக்குள்ள இறங்கிடுச்சா?" "கொஞ்சம் ஏத்திக்கறேன், ஒயரைக் குடுங்க." சார்ஜ் என்ற பெயர்ச்சொல் இரவல், ஆனால் அதோடு வரும் வினை சுத்தத் தமிழ், அதுவும் லத்தீன்காரன் வண்டியில் ஏற்றிய அதே வினை. லத்தீன் தெரிந்தா பேசுகிறார்கள்? இல்லை. ஒன்றுக்குள் ஒன்று நிரம்புவதைத் தமிழன் அப்படித்தான் பார்க்கிறான். மேல்நிலைத் தொட்டிக்குத் தண்ணீர் ஏற்றுகிறோம், ஆஸ்பத்திரியில் குளுக்கோஸ் ஏற்றுகிறார்கள், ரத்தம் ஏற்றுகிறார்கள். ஏற்றுமதி, இறக்குமதி என்று துறைமுகமே இந்த ஜோடியில் ஓடுகிறது. யாராவது "போனுக்கு ஊட்டிட்டியா?" என்று கேட்டுக் கேட்டிருக்கிறீர்களா? மக்கள் வாயில் வினை தயாராக இருக்கும்போது அதை விட்டுவிட்டு இன்னொரு வினையைத் தேடிப் போவதற்கு என்ன அவசியம் வந்தது?

இலங்கையில் இந்தக் குழப்பம் இல்லை. அங்கே இயற்பியல் படித்தவர்களுக்கு ஏற்றம், மின்னேற்றம், நேரேற்றம் (பாசிட்டிவ்), மறையேற்றம் (நெகட்டிவ்). கடலின் அந்தப் பக்கம் பள்ளிப் பிள்ளைகள் எழுதிப் பழகிய சொல் நம் பலகைகளில் ஏறாமல் போனது, இரண்டு கரையும் கலைச்சொல் விஷயத்தில் ஒன்றையொன்று எட்டிப் பார்க்காததால்தான்.

ஏற்றம் என்றால் விலையேற்றம் நினைவுக்கு வராதா, 'மின்னேற்றம்' என்று பார்த்தவுடன் கரண்டு பில் கூடிவிட்டது என்று நினைத்துவிடுவார்களே என்று ஒரு ஆட்சேபம் உண்டு. கரண்டு பில் கூடினால் தலைப்பில் 'மின் கட்டண உயர்வு' என்றுதான் வரும். நான் பார்த்தவரை எந்தத் தலைப்பும் மின்னேற்றம் என்று வரவில்லை. கிணற்றில் நீர் இறைக்கிற ஏற்றத்தோடு குழம்பும் என்பவர்களுக்குப் பதில் சொல்ல எனக்குப் பொறுமை இல்லை.

எதிர்க்கட்சியின் இன்னொரு வாதத்துக்குத்தான் நான் கொஞ்சம் இறங்கி வர வேண்டியிருக்கிறது. எலக்ட்ரானுக்கும் சார்ஜ் உண்டே, அதன் மேல் யார் ஏற்றினார்கள் என்பது அது. சரிதான். எலக்ட்ரானின் சார்ஜ் 1.602×10⁻¹⁹ கூலும், பிறவியிலேயே வந்தது, ஏறவும் செய்யாது, இறங்கவும் செய்யாது. அப்படியானால் அங்கே ஊட்டமும்தான் பொருந்தாது. பிறவிக் குணத்தை யார் ஊட்டினார்கள்? அந்த இடத்துக்குப் பழைய பாடநூல்கள் 'மின்சுமை' என்று எழுதின. சுமை ஏற்கெனவே தோளில் இருப்பது, யார் ஏற்றினார் என்ற கேள்வி எழாது. வீட்டு இணைப்பின் லோடுக்கு மின்வாரியத்தில் 'மின்பளு' என்று தனிச்சொல் இருப்பதால் அதோடும் மோதாது. அருமையான சொல், காரணம் தெரியாமல் ஓரங்கட்டப்பட்டது.

ஆக, துகளுக்கு மின்சுமை, பேட்டரிக்கு மின்னேற்றம் என்று இரண்டாகப் பிரிப்பதே என் கட்சி. ஆங்கிலத்தில் ஒரு சொல்தானே என்றால், ஆங்கிலம் பிரிக்காமல் விட்டது ஆங்கிலத்தின் பாடு. போனைச் சார்ஜரில் போட்டால் உள்ளே மின்சுமை கூடுவதில்லை. லித்தியம் பேட்டரியில் ஒரு முனையிலிருந்து கிளம்பும் எலக்ட்ரான்கள் சார்ஜர் வழியாகச் சுற்றி அடுத்த முனைக்குப் போகின்றன. அதே அளவு லித்தியம் அயனிகள் உள்ளே கிராஃபைட் பக்கம் நகர்கின்றன. மொத்தக் கணக்கு சுழியம்தான். சேர்வது ஆற்றல், அது வேதிப்பொருளில் அடைபட்டுக் கிடக்கிறது.

இதை அமெரிக்க அறிஞர் பெஞ்சமின் ஃபிராங்க்ளின் 1740களிலேயே கவனித்துவிட்டார். 1745, 46 வாக்கில் ஐரோப்பாவில் லைடன் ஜாடி என்ற கண்ணாடிப் பாத்திரம் வந்தது. உள்ளும் புறமும் உலோகப் பூச்சு, தொட்டால் தூக்கியடிக்கும். அதைச் சார்ஜ் செய்தால் உள்ளே கூடுவதும் வெளியே குறைவதும் சரிக்குச் சரி, மொத்தத்தில் ஜாடிக்குள் முன்னைவிட அதிகமாக ஒன்றும் இல்லை என்று எழுதினார். கூட்டல், கழித்தல் என்று மின்சுமைக்கு அடையாளம் வைத்தவரும் அவர்தான். ஜாடிகளை வரிசையாக அடுக்கியதற்குப் பீரங்கி வரிசையின் பெயரான 'பேட்டரி'யைச் சூட்டியதும் அவரே. மருந்து கெட்டிப்பது, வெடித்துத் தீர்ப்பது என்ற பீரங்கிப் பேச்சோடு சார்ஜும் டிஸ்சார்ஜும் நன்றாக ஒட்டிக்கொண்டன. சோறூட்டும் படம் இந்தக் கதையில் எந்த இடத்திலும் இல்லை.

ஊட்டு இப்போது தொற்றுநோய் மாதிரிப் பரவுகிறது என்பதும் என் எரிச்சலுக்குக் காரணம். மழைநீரை நிலத்துக்குள் இறக்கும் ரீசார்ஜுக்கு 'நிலத்தடி நீர் செறிவூட்டல்'. அணுஉலைக்கு யுரேனியத்தைத் தயார் செய்வது 'யுரேனியம் செறிவூட்டல்'. இரும்புச்சத்து கலந்த அரிசி 'செறிவூட்டப்பட்ட அரிசி'. ஆங்கிலத்தில் இவை மூன்றும் மூன்று சொற்கள். மொட்டை மாடியிலிருந்து குழாய் வைத்துத் தண்ணீரைக் கிணற்றுக்கு விடுவதற்கும் யுரேனியத்துக்கும் ஒரே பெயர் வைத்தால் படிக்கிறவன் என்ன நினைப்பான்? 'நிலத்தடியில் நீர் சேர்த்தல்' என்றால் யாருக்கும் புரியும். புரிந்துவிட்டால் கலைச்சொல் மாதிரி இருக்காதே என்ற பயமோ என்னவோ.

பவர் பேங்க் தாளுக்கு வருகிறேன். அந்த மாதிரி வேலையை மனிதர்கள் செய்தாலும் சில சமயம் அப்படித்தான் வரும். மொழிபெயர்ப்பாளர் கையில் முழுத் தாள் கிடைப்பதில்லை. கட்டம் கட்டமாக வெட்டிய ஒற்றைச் சொற்கள் வரும். ஒரு கட்டத்தில் சார்ஜ், அடுத்த கட்டத்தில் கேன்சல். போனா, வங்கியா, நீதிமன்றமா என்று எதுவும் சொல்ல மாட்டார்கள். சொல்லுக்கு இவ்வளவு பைசா என்று கணக்கு. அவர் அகராதியில் முதலில் இருப்பதைப் போட்டுவிட்டு அடுத்ததுக்குப் போகிறார். அவரைக் குறை சொல்லி என்ன ஆகப் போகிறது? குறை சொல்ல வேண்டியது, அச்சடிக்கும் முன் தமிழ் தெரிந்த ஒருவரிடம் ஒரு முறை வாசித்துக் காட்டக்கூட மனம் வராதவர்களை.

சார்ஜருக்கு மின்னேற்றி, சார்ஜிங் நிலையத்துக்கு மின்னேற்று நிலையம், வேகமாக ஏற்றுவதற்கு விரைவு மின்னேற்றம். பேச்சில் நானும் சார்ஜ் என்றுதான் சொல்கிறேன், அதில் எனக்குக் கூச்சம் இல்லை. பலகையில் தமிழில் எழுதுவது என்று முடிவு செய்துவிட்டால் இவற்றில் ஒன்றை எழுதலாம். அதுவும் பிடிக்காவிட்டால் 'சார்ஜ் ஏற்றும் இடம்' என்று எழுதினாலும் போதும். வண்டிக்காரர் வந்து ஏற்றிக்கொள்வார்.