டூட்டி அவர்னா யாரு அவரு?

கங்கைகொண்டான் சிப்காட்ல புதுசா சேந்த மருமவன் ஞாயித்துக்கெழம வீட்டுக்கு வந்தான், வந்ததும் வராததுமா "மாமா, வேலைக்கு எடுத்த பேப்பர்ல டூட்டி அவர் வாரத்துக்கு 48னு போட்டுருக்கு, அப்ப மாசத்துக்கு எவ்ளோ"ன்னு கேக்கான், அடுப்படியில இருந்து எங்கம்மா "யாருல அந்த அவரு"ங்கா.

டூட்டிக்கு லத்தீன் வேர்ல 'கடன்பட்டது'ன்னுதான் அர்த்தம். நம்மள்ட்டயும் அப்படித்தான, பழைய தமிழ்ல கடன்னாலே கடமைதான். 'அவர்'னா இங்கிலீஷ்ல மணி நேரம், அந்தச் சொல்லோட கதை இன்னும் ருசி. கிரேக்கத்து ஹோரா லத்தீன், பிரெஞ்சுன்னு சுத்தி இங்கிலீஷுக்குப் போயி அவராச்சு, அதே ஹோரா சமஸ்கிருதம் வழியா இங்க வந்து ஓரையாச்சு, சுக்கிர ஓரை குரு ஓரைன்னு ஜோசியர் சொல்லுதாருல்லா அதேதான். நாழிகையில சொன்னா 8 மணி நேரம் சரியா 20 நாழிகை.

இப்ப கணக்குக்கு வருவோம். மருமவன் மாசத்துக்கு நாலு வாரம்னு வச்சு 192னுட்டான், எல்லாரும் விடுத தப்பு இதுதான். 192ஐ பன்னெண்டால பெருக்குனா வருசத்துக்கு 48 வாரம்தான் வருது, மிச்சம் நாலு வாரம் எங்க போச்சு? வாரத்துல இருந்து நேரா மாசத்துக்குத் தாவக்கூடாதுவே, வருசத்துக்குப் போயிட்டு எறங்கணும். 48 பெருக்கல் 52, 2496 மணி. அத 12ஆல வகுத்தா 208. ஞாயிறு லீவு போக 26 நாளு, நாளுக்கு 8னு போட்டாலும் அதே 208தான். கிராஜுவிட்டி, அதான் பணிக்கொடை, அதுக்கும் மாசச் சம்பளத்த 26ஆலதான் வகுக்காங்க.

காலண்டர் தாளு ஒண்ணக் கிழிச்சு பின்னாடி போட்டுக் காட்டுனேன். சம்பளம் 15,600னு வைங்க, 208ஆல வகுத்தா மணிக்கு 75 ரூவா, ஓ.டி., அதான் ஓவர்டைம், ரெண்டு மடங்குன்னா 150. அவன் கான்ட்ராக்டர் 30 நாளு, 240 மணின்னு வகுத்து 65 ஆக்கி 130 குடுக்காரு, பாக்காத ஞாயித்துக்கெழமையையும் வேல பாத்த கணக்குல சேத்தா அப்படித்தான் கொறையும். 1948 தொழிற்சாலைச் சட்டத்துலயே வாரத்துக்கு 48 மணி, நாளுக்கு 9 மணின்னு உச்சம் வச்சு, அதத் தாண்டுனா ரெட்டைச் சம்பளம்னு போட்டுருந்தாங்க.

சரி, டூட்டி அவரத் தமிழ்ல என்னன்னு சொல்ல? பணிநேரம்னு ஆபீஸ் காயிதத்துல இருக்கு, ஆனா அது பாத்த நேரமா ஒத்துக்கிட்ட நேரமான்னு பிரியாது. ஒப்பந்த நேரம்னா நம்மூர்ல கான்ட்ராக்ட் ஆளுங்க நேரம்னு நெனச்சுருவாங்க. எழுத்துல 'ஒப்பிய வேலைநேரம்' சரியா இருக்கும், அதத் தாண்டுனது 'மிகைநேரம்'. பேச்சுக்கு 'சோலி நேரம்' போதும், எங்கம்மாவுக்கு அதச் சொன்னதுமே புரிஞ்சுட்டு.

மருமவன் அந்தத் தாள மடிச்சு பர்ஸ்ல வச்சுட்டுப் போயிருக்கான், கான்ட்ராக்டர்ட்ட காட்டுவானான்னு தெரியல.