கன்டெம்ட்: அவமதிப்பா, ஆணை மதியாமையா?

"கன்டெம்ட் (contempt) போடுவோம்" என்று வழக்கறிஞர்கள் பேசிக்கொள்வதைக் கேட்கும்போது, யாரோ நீதிபதியை இழிவாகப் பேசிவிட்டார் என்றே பலரும் எண்ணுகிறார்கள். அதற்கு நாம் தமிழில் வழங்கும் 'நீதிமன்ற அவமதிப்பு' என்னும் தொடரும் அந்த எண்ணத்தையே வலுப்படுத்துகிறது. ஆனால் அரசு அலுவலர்கள் இவ்வழக்கில் சிக்குவது பெரும்பாலும் பேச்சினால் அன்று, கோப்பில் இட்ட கையெழுத்தினாலோ இடாமல் விட்ட கையெழுத்தினாலோதான்.

ஆங்கிலச் சொல்லுக்கு மூலமான இலத்தீன் வினைக்குப் பொருட்படுத்தாது ஒதுக்குதல், இகழ்தல் என்று பொருள். தமிழில் 'மதித்தல்' என்பது அளவிடுதல், பொருட்படுத்துதல் என்னும் பொருள்களைத் தரும். 'அவ' என்னும் வடமொழி முன்னொட்டு அதனோடு சேர்ந்து இழிவுப் பொருளை மேலேற்றிவிடுகிறது. பழந்தமிழில் இகழ்ச்சி என்னும் ஒரு சொல்லே பழித்தலையும், கடமையில் கருத்தின்றி இருத்தலையும் குறித்தது. திருக்குறளின் பொச்சாவாமை அதிகாரத்தில் வரும் "இகழ்ச்சியின் கெட்டாரை உள்ளுக" என்ற தொடரில் (குறள் 539) இரண்டாவது பொருளே நிற்கிறது. அப்பொருள் இன்றைய வழக்கில் தேய்ந்துபோனது பெரும் இழப்பு.

இந்தியாவின் 1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் இதனை உரிமையியல், குற்றவியல் என இரண்டாகப் பிரிக்கிறது. நீதிமன்றத்தை இழிவுபடுத்துவதும் நீதி வழங்கலுக்கு இடையூறு செய்வதும் குற்றவியல் அவமதிப்பு. நீதிமன்றத்தின் தீர்ப்பையோ ஆணையையோ வேண்டுமென்றே மீறுவதும், நீதிமன்றத்துக்குத் தந்த உறுதிமொழியை வேண்டுமென்றே முறிப்பதும் உரிமையியல் அவமதிப்பு ஆகும். 'வேண்டுமென்றே' என்ற சொல்லே இங்கு உயிரானது: ஆணையை அறியாதவரும், நிறைவேற்ற இயலாத நிலையில் இருந்தவரும் இதில் அடங்கமாட்டார்கள்.

உரிமம் வழங்கும் அதிகாரத்தில் நீதிமன்ற ஆணைக்குக் கட்டுப்படும் கடமை எவ்வளவு கடுமையானது என்பதற்குத் தெளிவான சான்று, நீலகிரி மாவட்டக் கூடலூர்ப் பகுதிக் காடுகளைக் காக்கக் கோரி 1995இல் உச்ச நீதிமன்றத்தில் தொடங்கி, பின்னர் நாடு முழுவதற்கும் விரிந்த கோதவர்மன் திருமுல்பாடு வழக்கு. அதில் 1997 மார்ச் 4 அன்று பிறந்த ஆணை, மகாராட்டிரத்திலும் உத்தரப் பிரதேசத்திலும் உரிமமின்றி இயங்கிய மர அறுவை ஆலைகளையும் ஒட்டுப்பலகை ஆலைகளையும் உடனே மூடச் சொன்னதோடு, புதிய உரிமம் வழங்கவும் தடை விதித்தது. இத்தடை இருக்கும்போதே மகாராட்டிரத்தில் ஆலைகளுக்கு அனுமதி வழங்கியதற்காக, அப்போதைய வனத்துறை அமைச்சர் சுரூப்சிங் நாயக், வனத்துறை முதன்மைச் செயலாளர் அசோக் கோட் ஆகிய இருவருக்கும் 2006 மே மாதத்தில் உச்ச நீதிமன்றம் ஒரு மாதச் சிறைத்தண்டனை விதித்தது. அவர்கள் கோரிய மன்னிப்பை அது ஏற்கவில்லை. நீதிமன்றத்தை இழித்துப் பேசியதற்காக அன்று, தடுக்கப்பட்ட அனுமதியை வழங்கியதற்காகவே அவர்கள் தண்டிக்கப்பட்டார்கள்.

இதன் மறுபக்கமும் உண்டு. ஒருவரின் உரிம விண்ணப்பத்தை நான்கு வாரத்துக்குள் 'பரிசீலித்து முடிவெடுக்க' நீதிமன்றம் ஆணையிட்டால், உரிமம் கொடுத்தே தீர வேண்டும் என்று அதற்குப் பொருளில்லை; சட்டப்படி உரிய காரணங்களை எழுதி மறுக்கவும் அலுவலருக்கு உரிமை உண்டு. ஆனால் எந்தக் காரணம் செல்லாது என்று நீதிமன்றம் கூறியதோ, அதே காரணத்தைச் சொல் மாற்றி எழுதி மீண்டும் மறுப்பது ஆணை மீறலே. மேல்முறையீடு செய்திருக்கிறோம் என்பதும் போதிய விடையன்று. இடைக்காலத் தடை பெறாதவரை முந்தைய ஆணை உயிரோடுதான் இருக்கும்.

ஆகவே 'நீதிமன்ற அவமதிப்பு' என்பதை இரு வகைக்குமான பொதுப் பெயராக வைத்துக்கொண்டு, உரிமையியல் வகையை 'நீதிமன்ற ஆணை மதியாமை' என்று எழுதுவதே தக்கது என்று கருதுகிறேன். 'உரிமையியல் அவமதிப்பு' என்னும் சட்டத்தமிழ்த் தொடர் வழக்காடுவோருக்குப் போதும். உரிமத்துக்காகப் படியேறும் வணிகருக்கு அது எதையும் உணர்த்துவதில்லை. 'ஆணை மதியாமை' என்றால் குற்றம் எது என்பது சொல்லிலேயே விளங்கும். இதற்கான தண்டனை ஆறு மாதம் வரை வெறுங்காவல் சிறை, அல்லது 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். மீறல் நிகழ்ந்து ஓராண்டு கடந்தபின் நீதிமன்றம் நடவடிக்கை தொடங்க இயலாது என்று சட்டத்தின் 20ஆம் பிரிவு கூறுவதால், ஆணையைக் கையில் வைத்துக்கொண்டு அலுவலகத்துக்கு நடையாய் நடப்பவர்கள் அந்தக் காலவரம்பை மறந்துவிடக் கூடாது.